பெயரின் நடுவே ஒரு சிறு கோடு



வெளிநாட்டில் இருக்கும் உறவுகளிடமிருந்து பிள்ளை பிறந்த செய்தி வந்தால், தாயும் பிள்ளையும் சுகமா என்றுதான் நம்மவர் முதலில் கேட்பர். அடுத்த கேள்வி, "என்ன பேர் வைச்சிருக்கிறியள்?" என்பது. இங்கிலாந்தில் இருந்து பேசுபவர் சிலவேளை எல்லி-மே என்பார், அமேலியா-றோஸ் என்பார், லிலி-றோஸ் என்பார். கேட்டவர் "நல்ல பேர்" என்று சொல்லிவிட்டுத் தொலைபேசியை வைப்பார். பிறகு பக்கத்தில் இருப்பவரைப் பார்த்து, "இது ஒரு பேரோ, ரெண்டு பேரோ? இதுக்கு என்ன கருத்து?" என்று கேட்பார்.

எங்கள் பெண்கள் குழுக் கூட்டங்களில் இந்தக் கேள்வியைப் பல தடவை கேட்டிருக்கிறேன். சிலர் சிரிப்பர். சிலருக்கு மனவருத்தமும் உண்டு. "எங்கட ஆக்களின்ர பேர் ஒண்டும் இனி மிஞ்சாது" என்று ஒரு தாய் சொன்னார். அவருடைய வருத்தம் நியாயமானது. ஆனால் இந்தப் பெயர்கள் எங்கிருந்து வந்தன, ஆங்கிலேயத் தாய்மார் ஏன் அவற்றை விரும்புகிறார்கள் என்று பார்த்தால், நமது மனதுக்கு நெருக்கமான ஒரு விடயம் அங்கே தெரியும். அதற்காக லிலி-றோஸ் என்ற பெயரை எடுத்துக்கொள்வோம்.

லிலி என்றால்

இலத்தீன் மொழியில் 'லிலியம்' என்ற பூவின் பெயரே ஆங்கிலத்தில் லிலி ஆனது. தமிழில் பலர் இதை அல்லி என்று மொழிபெயர்ப்பர். ஆனால் நமது குளத்து அல்லி வேறு, இது வேறு. இது நிலத்தில் கிழங்கிலிருந்து முளைத்து, நீண்ட தண்டின் நுனியில் எக்காளம் போல விரியும் பூ. நமது கோவில்களில் உள்ள அந்தோனியார் சுரூபத்தைப் பார்த்தவர்களுக்கு இந்தப் பூ புதிதல்ல. ஒரு கையில் குழந்தை இயேசு, மறு கையில் வெள்ளைப் பூங்கொத்து. அந்தப் பூ லிலிதான். சூசையப்பரின் கையிலும் அதே பூவைக் காணலாம். கபிரியேல் தூதர் மரியாளிடம் வரும் காட்சியைத் தீட்டிய ஐரோப்பிய ஓவியர்கள் தூதரின் கையிலோ, அறையின் ஒரு மூலையிலோ வெள்ளை லிலியை வைத்தார்கள். தூய்மைக்கு அது அடையாளமாயிற்று.

கவலைப்படாதீர்கள் என்று இயேசு மக்களுக்குப் போதித்தபோது சுட்டிக்காட்டிய பூவும் ஆங்கில வேதாகமத்தில் லிலி என்றே இருக்கிறது. நமது பழைய தமிழ் வேதாகமத்தில் அதைக் காட்டுப் புஷ்பம் என்று பெயர்த்திருக்கிறார்கள்.

லிலிக்கு இன்னொரு வேரும் உண்டு. எலிசபெத் என்ற நீண்ட பெயரைச் சிறு பிள்ளைகள் மழலையில் சொல்லும்போது அது லிலி என்று குறுகிவிடும். இரண்டாம் எலிசபெத் மகாராணி 1926 இல் பிறந்தவர். சிறு வயதில் தன் பெயரைச் சொல்ல வராமல் அவர் சொன்னது 'லிலிபெத்' என்று. குடும்பத்தார் கடைசிவரை அவரை அப்படியே அழைத்தார்கள். 2021 இல் அவருடைய பேரன் ஹரி தன் மகளுக்கு அந்தச் செல்லப் பெயரையே சூட்டினார். பாட்டியின் மழலை பூட்டப்பிள்ளையின் பிறப்புச் சான்றிதழில் ஏறியது.

றோஸ் என்றால்

றோஸ் என்றவுடன் றோசாப்பூ நினைவுக்கு வரும். அதுவே இன்றைய பொருள். ஆனால் இந்தப் பெயர் இங்கிலாந்துக்கு வந்தபோது பூவோடு தொடர்பு இல்லாமல் வந்தது. 1066 இல் இங்கிலாந்தைப் பிடித்த நோர்மானியர் தங்கள் பெண்களுக்கு 'றொஹேஸ்' போன்ற பெயர்களை வைத்திருந்தார்கள். பழைய ஜேர்மானிய மொழியில் புகழ் என்ற பொருள் அதில் இருந்தது. காலப்போக்கில் அது வாயில் தேய்ந்து, றோசாப்பூவின் பெயரோடு கலந்துவிட்டது.

பூவாகவும் றோசாவுக்கு அங்கே தனியிடம் உண்டு. கத்தோலிக்கர் செபமாலையைக் குறிக்கும் இலத்தீன் சொல்லுக்கு றோசாத் தோட்டம் என்று பொருள். இங்கிலாந்தின் தேசியச் சின்னமும் றோசாவே. 15ஆம் நூற்றாண்டில் இரண்டு அரச குடும்பங்கள் முடிக்காகப் பல ஆண்டுகள் போரிட்டன. லங்காஸ்ரர் பக்கத்துக்குச் சிவப்பு றோசா, யோர்க் பக்கத்துக்கு வெள்ளை றோசா என்று பின்னர் சொல்லப்பட்டது. 1485 இல் வென்ற ஏழாம் ஹென்றி, அடுத்த வருடம் மற்றப் பக்கத்து எலிசபெத்தை மணம் முடித்தார். சிவப்பு றோசாவுக்குள் வெள்ளை றோசாவை வைத்த சின்னம் அப்போது தோன்றியது. வென்றவர் வரைந்த சின்னம்தான் அது. ஆனாலும் இரண்டு நிறமும் அதில் இருக்கின்றன.

லிலியையும் றோசாவையும் சேர்த்துச் சொல்வது புதிதல்ல. வேதாகமத்தின் உன்னதப்பாட்டில், பழைய மொழிபெயர்ப்புப்படி, இரண்டு பூக்களும் ஒரே வசனத்தில் பக்கத்துப் பக்கத்தில் வருகின்றன. ஓசையும் அப்படியே பொருந்துகிறது. 'லிலி' என்று இரண்டு குறில்கள் துள்ளி வர, 'றோஸ்' என்ற நெடில் வந்து நிறுத்துகிறது. பிள்ளையைத் தூரத்தில் இருந்து கூப்பிட நல்ல பெயர். நமது பழைய தமிழ் வழக்கில் லகரமோ றகரமோ சொல்லின் முதலில் வராது. அதனால்தான் வயதானவர்கள் சிலர் இன்றும் 'உறோசா' என்கிறார்கள். 'இலிலி-உறோஸ்' என்று ஒரு அம்மம்மா கூப்பிட்டாலும் பிள்ளை ஓடிவரும்.

கோடு எங்கிருந்து வந்தது?

இரண்டு பெயரையும் சேர்க்கும் அந்தச் சிறு கோட்டை இணைகோடு என்போம். அதன் வரலாற்றில் பணமும் இருக்கிறது, பாசமும் இருக்கிறது.

இங்கிலாந்தில் இணைகோடு நீண்ட காலம் பெரிய வீட்டாரின் குடும்பப் பெயரில்தான் இருந்தது. ஒரு பணக்காரருக்கு ஆண் வாரிசு இல்லை, ஒரே ஒரு மகள்தான் என்று வைத்துக்கொள்ளுங்கள். மகள் மணம் முடித்தால் அவருடைய குடும்பப் பெயர் மறைந்துவிடும். ஆகவே, 'என் சொத்து வேண்டுமானால் மருமகன் என் பெயரை எடுக்க வேண்டும்' என்று உயில் எழுதி வைப்பார்.

இதற்கு நல்ல உதாரணம் மேரி எலினோர் போவ்ஸ் என்ற பெண். 1749 இல் பிறந்தவர். தந்தை டேர்ஹம் பகுதியில் நிலக்கரியால் பெரும் செல்வம் சேர்த்தவர். 1767 இல் ஸ்ட்ராத்மோர் பிரபுவான ஜோன் லயன் இவரை மணந்தபோது, உயிலின்படி மனைவியின் பெயரைத் தான் எடுக்க வேண்டியதாயிற்று. அந்தக் குடும்பத்தின் பெயர் பின்னாளில் போவ்ஸ்-லயன் என்று நிலைத்தது. இரண்டாம் எலிசபெத் மகாராணியின் தாயார் அந்த வழியில் வந்தவர். மேரி எலினோரின் இரண்டாவது கணவரும் போவ்ஸ் என்ற பெயரை எடுத்தார். ஆனால் மனைவியை அடித்துக் கொடுமைப்படுத்தினார். பெண்கள் விவாகரத்துப் பெறுவது மிக அரிதான அந்தக் காலத்தில், 1789 இல் வழக்காடி அவர் விடுதலை பெற்றார். பெயரில் மனைவிக்கு இடம் கொடுத்தவர்கள் எல்லாரும் வீட்டில் இடம் கொடுத்தார்கள் என்று எண்ணிவிடக் கூடாது.

முதற்பெயரில் கோடு போடும் வழக்கம் பிரான்ஸில் பழையது. மரி-கிளேர், ஆன்-மரி, ஜோன்-போல் என்ற பெயர்களை நீங்கள் கேட்டிருப்பீர்கள். 1803 இல் வந்த ஒரு சட்டம் புனிதர் நாட்காட்டியிலும் பழைய வரலாற்றிலும் உள்ள பெயர்களையே பிள்ளைகளுக்கு அனுமதித்தது. ஒரு ஊரில் எத்தனையோ மரிகள். இரண்டாவது பெயரைக் கோடு போட்டுச் சேர்த்தால் ஒருவரை ஒருவர் பிரித்து அறியலாம். பெற்றோர் விரும்பிய பெயரை வைக்கும் முழுச் சுதந்திரம் அங்கே 1993 இல்தான் கிடைத்தது. 1999 இல் பிரெஞ்சுப் பாடகி வனெசா பரடி, தனக்கும் நடிகர் ஜோனி டெப்புக்கும் பிறந்த மகளுக்கு லிலி-றோஸ் என்று பெயர் வைத்தார். அந்தப் பிள்ளையும் வளர்ந்து நடிகையாகிவிட்டார். இதனால் ஆங்கிலம் பேசும் நாடுகளிலும் இந்தப் பெயர் பலருடைய காதில் விழுந்தது.

அமெரிக்காவின் தென் மாநிலங்களில் கோடு போடாமலே இரண்டு பெயர் சொல்லிக் கூப்பிடுவது கிராமத்து வழக்கம். 'மே' என்று முடியும் இரட்டைப் பெயர்கள் அங்கே அதிகம். ஆக, பிரான்ஸிலும் அமெரிக்கக் கிராமங்களிலும் இருந்த ஒரு வழக்கம், 2000 ஆம் ஆண்டை அண்டிய காலத்தில் இங்கிலாந்தின் சாதாரண வீடுகளில் புதிதாக வேர் பிடித்தது. பெரிய வீட்டார் சொத்தைக் காப்பாற்றப் போட்ட கோட்டை, ஆஸ்பத்திரித் தாதியரும் கடைகளில் வேலை செய்யும் பெண்களும் தங்கள் பிள்ளைகளின் முதற்பெயரில் போடத் தொடங்கினார்கள். அவர்களுக்குக் காப்பாற்ற நிலக்கரிச் சுரங்கம் இல்லை. அம்மாவின் பெயரும் அம்மம்மாவின் பெயரும்தான் இருந்தன.

பூட்டிகளின் பெயர்கள்

லிலி, றோஸ், டெய்சி, ஐவி, வயலெட் என்று பெண் பிள்ளைகளுக்குப் பூவும் கொடியும் பெயராக வைப்பது 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இங்கிலாந்தில் பரவியது. அப்படிப் பெயர் பெற்ற சிறுமிகள் வளர்ந்து பெண்களானபோது 1914 இல் முதலாம் உலகப் போர் வந்தது. ஆண்கள் போர்முனைக்குப் போனார்கள். பெண்கள் வெடிபொருள் தொழிற்சாலைகளுக்குப் போனார்கள். அங்கே இரசாயனம் பட்டுப் பலருடைய தோல் மஞ்சளாகிவிட்டது. மஞ்சள் குருவியின் பெயரைச் சொல்லி ஊரார் அவர்களை அழைத்தார்கள்.

1918 இல் போர் முடிந்தது. 1921 குடிசனக் கணக்கெடுப்பில், இங்கிலாந்திலும் வேல்ஸிலும் ஆண்களைவிடப் பெண்கள் 17 இலட்சத்துக்கும் அதிகமாக இருந்தார்கள். போருக்கு முன்பும் பெண்கள் தொகை கூடத்தான். போர் அந்த இடைவெளியை மேலும் பெரிதாக்கியது. அன்றைய பத்திரிகைகள் இந்தப் பெண்களுக்கு 'மிஞ்சிய பெண்கள்' என்று பெயர் வைத்தன. கணவனை இழந்தவர்கள், மணம் பேசியவரை இழந்தவர்கள், இனி மணமாகப் போவதில்லை என்று ஊரார் முடிவு கட்டியவர்கள் எல்லாரும் அந்த ஒரு சொல்லுக்குள் அடக்கப்பட்டார்கள். சகோதரிகளே, அந்தச் சொல் எப்படிச் சுடும் என்று உங்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை.

அந்தப் பெண்கள் ஆசிரியைகளாக, தாதியராக, அலுவலகங்களில் எழுதுநராக, தையற்காரிகளாக வேலை செய்து குடும்பங்களைத் தூக்கி நிறுத்தினார்கள். அவர்கள் முதுமை அடைந்தபோது அவர்களின் பெயர்களும் பழையதாகிவிட்டன. 1950 களில் லிலி என்றால் கிழவியின் பெயர். பிள்ளைகளுக்கு சூசன், லிண்டா என்று வைத்தார்கள்.

பிறகு ஒரு மாற்றம் வந்தது. ஒரு பெயர் தாயின் தலைமுறையில் பழசாகத் தெரியும். பாட்டியின் தலைமுறையிலும் அப்படித்தான். ஆனால் பூட்டியின் பெயர் மீண்டும் இனிமையாகக் கேட்கத் தொடங்கும். அந்தப் பூட்டியைப் பெரும்பாலும் படத்தில்தான் பார்த்திருப்பார்கள், கதையில்தான் அறிந்திருப்பார்கள். 1990 களின் கடைசியில் லிலி திரும்பி வந்தாள். இங்கிலாந்து, வேல்ஸ் இரண்டுக்குமான 2022 ஆம் ஆண்டுப் பட்டியலில் பெண் பிள்ளைகளின் முதல் பத்துப் பெயர்களில் லிலியும் ஐவியும் இருக்கின்றன. மிஞ்சியவர்கள் என்று ஒதுக்கப்பட்ட தலைமுறையின் பெயர்களை, நூறு வருடம் கழித்துத் தாய்மார் தேடி எடுத்துத் தங்கள் பிள்ளைகளுக்கு வைக்கிறார்கள்.

போரின் பெயரையே பிள்ளைக்கு வைத்தவர்களும் உண்டு. 1916 இல் பிரான்ஸின் வெர்டன் நகரில் மாதக்கணக்காக நடந்த போரில் இலட்சக்கணக்கானோர் மாண்டும் காயப்பட்டும் போனார்கள். அந்தக் காலத்தில் பிரித்தானியாவில் பல நூறு பிள்ளைகளுக்கு வெர்டன் என்று பெயர் வைத்தார்கள். அந்தப் பெயர் வாழ்நாள் முழுவதும் அவர்களோடு போயிருக்கும். இன்று அந்தப் பெயரை யாரும் தேடி வைப்பதாகத் தெரியவில்லை. லிலியும் றோசாவும்தான் திரும்பி வந்திருக்கிறார்கள்.

ஏளனமும் உண்டு

இணைகோட்டுப் பெயர்களை எல்லாரும் மதிப்பதில்லை. இங்கிலாந்திலேயே இவற்றைப் படிக்காதவர்களின் பெயர், ஏழை வீட்டுப் பெயர் என்று ஏளனம் செய்பவர்கள் இருக்கிறார்கள். குடும்பப் பெயரில் கோடு இருந்தால் கௌரவம், முதற்பெயரில் கோடு இருந்தால் கேலி. பெயரை விடப் பெயர் வைத்தவரின் வருமானத்தையே இந்தக் கேலி பார்க்கிறது. நமது ஊரிலும் சில பெயர்களைக் கேட்டவுடன் 'இன்ன இடத்து ஆட்கள்' என்று முகம் சுளிப்பவர்களைக் கண்டிருக்கிறோம். அந்த வழக்கம் எங்கும் ஒன்றுதான்.

கோடு செய்யும் வேலை

நடுப்பெயர் என்ற ஒன்று ஆங்கிலேயரிடம் உண்டு. லிலி என்று முதற்பெயர், றோஸ் என்று நடுப்பெயர், பிறகு குடும்பப் பெயர். நடுப்பெயர் கடவுச்சீட்டில் இருக்கும். பாடசாலையிலும் விளையாட்டு இடத்திலும் அதை ஒருவரும் சொல்ல மாட்டார்கள். கோடு போட்டால் இரண்டும் சேர்ந்து ஒரே முதற்பெயராகிவிடும். வகுப்பில் மூன்று லிலிகள் இருந்தாலும் லிலி-றோஸ் ஒருத்திதான் இருப்பாள்.

என் அக்காவின் மகள் இங்கிலாந்தில் இருக்கிறாள். அவள் தன் பிள்ளைக்கு இந்தப் பெயரை வைத்ததால்தான் நானும் இதைப் பற்றித் தேடிப் படித்தேன். அக்காவின் ஞானஸ்நானப் பெயரில் றோஸ் இருந்தது. எங்களுக்கு அவர் றோசக்கா. 2009 இல் இடப்பெயர்வின்போது அவரை இழந்தோம். அடக்கம் செய்த இடத்தை இன்று அடையாளம் காட்ட முடியாது. அவருடைய படமும் எங்களிடம் இல்லை. மகள் சொன்னது இதுதான்:

"சின்னம்மா, லிலி எண்டது எனக்கும் இவருக்கும் பிடிச்ச பேர். அது பிள்ளையின்ர சொந்தப் பேர். றோஸ் அம்மான்ர பேர். அதை நடுப்பேரா வைச்சா பத்திரத்திலை மட்டும்தான் கிடக்கும். ஒருத்தரும் கூப்பிடமாட்டினம். கோடு போட்டா, பிள்ளையைக் கூப்பிடுற எல்லாரும் அம்மாவையும் கூப்பிட்டுத்தான் ஆகவேணும்."

இங்கிலாந்தில் அந்தச் சிறு கோட்டுக்கு இருக்கும் கவர்ச்சியை இதைவிடத் தெளிவாக நான் எங்கும் வாசிக்கவில்லை. ஆங்கிலேயத் தாய்மார் பலர் செய்வதும் இதுவே. ஒரு பாதி பிள்ளைக்கு, மறு பாதி குடும்பத்துக்கு. அல்லது ஒரு பாதி தாய்வழி, மறு பாதி தந்தைவழி. ஒருவரைச் சேர்த்ததற்காக மற்றவரை விட்டுவிடத் தேவையில்லை.

நாமும் இதைச் செய்து வந்தவர்கள்தான். மலர் என்ற சொல்லோடு விழியைச் சேர்த்து மலர்விழி என்கிறோம். நமது மொழியில் சொற்கள் தாமாகவே புணர்ந்துவிடுவதால் கோடு தேவைப்படவில்லை. அப்பம்மாவின் பெயரில் ஒரு பகுதியை எடுத்துப் பேத்திக்கு வைப்பதும், கத்தோலிக்கக் குடும்பங்களில் மேரி என்பதைப் பெயரோடு சேர்ப்பதும் நமது வழக்கங்களே.

பத்திரங்களில் கவனம்

இங்கே ஒரு நடைமுறை விடயத்தையும் சொல்ல வேண்டும். இங்கிலாந்தில் பிள்ளை பிறந்து 42 நாட்களுக்குள் பதிய வேண்டும். இலங்கையிலும் பிறப்பைப் பதியும் காலம் 42 நாட்களே. பதியும்போது கோட்டைப் போட்டால்தான் கோடு. போடாவிட்டால் இரண்டு தனிப் பெயர்கள். லிலி என்பதை ஆங்கிலத்தில் மூன்று நான்கு விதமாக எழுதலாம். அங்குள்ள தேசிய புள்ளிவிபர அலுவலகம் பெயர்ப் பட்டியல் வெளியிடும்போது ஒவ்வொரு எழுத்துக்கூட்டலையும் வெவ்வேறு பெயராகவே எண்ணுகிறது. கடவுச்சீட்டின் அடியில் இயந்திரம் வாசிப்பதற்காக இரண்டு வரிகள் இருக்கும். அந்த வரிகளில் இணைகோடு வராது. அந்த இடத்தில் '<' போன்ற ஒரு குறி இருக்கும். விமானச் சீட்டுகளிலும் பெரும்பாலும் கோடு இருக்காது. இதைக் கண்டு பெயர் பிழைத்துவிட்டது என்று பதற வேண்டாம். ஆனால் மனிதர் வாசிக்கும் இடங்களில், பிறப்புச் சான்றிதழில் எப்படி இருக்கிறதோ அப்படியே எழுத வேண்டும்.

வெளிநாட்டுப் பேரப்பிள்ளைக்கு இங்கிருந்து வங்கிப் படிவமோ காணி உறுதியோ எழுதும்போதும் இதையே கடைப்பிடியுங்கள். எழுத்துக்கூட்டலைத் தொலைபேசியில் கேட்டு எழுதாமல், சான்றிதழின் பிரதியைக் கேட்டு வாங்கிப் பார்த்து எழுதுவது நல்லது. ஒரு எழுத்து மாறினாலும் எத்தனை அலுவலகம் ஏறி இறங்க வேண்டும் என்பது இடம்பெயர்ந்து பத்திரங்களைத் தொலைத்த நமக்குத் தெரியும். உங்கள் சொந்தப் பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ், பாடசாலைப் பதிவு, அடையாள அட்டை ஆகிய மூன்றையும் ஒருமுறை எடுத்துப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். பெயர் ஒன்றாக இல்லாவிட்டால், பிள்ளை பரீட்சைக்கோ வேலைக்கோ விண்ணப்பிக்கும் நாள்வரை காத்திராமல், இப்போதே பிரதேச செயலகத்தில் உள்ள மேலதிக மாவட்டப் பதிவாளரிடம் விசாரியுங்கள்.

யாருடைய பெயர் என்று கேளுங்கள்

இழந்தவரின் பெயரைப் பிள்ளைக்கு வைப்பதா, வேண்டாமா என்பதில் எல்லாருக்கும் ஒரே மனம் இருக்காது. எங்கள் குழுவில் ஒரு தாய், இறந்த மகளின் பெயரைப் பேத்திக்கு வைத்து, நாளுக்கு நூறு தடவை கூப்பிட்டு ஆறுதல் அடைகிறார். இன்னொரு தாயின் மகன் காணாமல் ஆக்கப்பட்டவர். பேரனுக்கு அந்தப் பெயரை வைக்க அவர் சம்மதிக்கவில்லை. "அவன் வந்தா அவனுக்கு அந்தப் பேர் வேணும்" என்றார். அங்கே இருந்த ஒருவரும் மறுத்துப் பேசவில்லை.

இருவரும் செய்தது சரியே. பிள்ளையின் பக்கத்தையும் நாம் நினைக்க வேண்டும். பிறந்த பிள்ளை இறந்தவரின் இடத்தை நிரப்ப வந்தவர் அல்லர். 'உன்ர பெரியம்மா மாதிரி நீ இல்லை' என்று கேட்டுக் கேட்டு வளரும் பிள்ளைக்குப் பெயர் ஒரு சுமையாகிவிடும். இணைகோட்டுப் பெயரில் நான் விரும்பும் நன்மை இதுதான். முதற்பாதி பிள்ளையின் சொந்தம். அதை வைத்து அவள் தன் வழியில் வளரலாம். வளர்ந்த பின் லிலி என்று மட்டும் தன்னை அழைக்கும்படி கேட்டாலும் அது அவளுடைய உரிமை. மறு பாதி அவளுடைய பத்திரத்தில் பத்திரமாக இருக்கும்.

ஆகவே சகோதரிகளே, அடுத்த முறை தொலைபேசியில் இப்படியான ஒரு பெயர் வந்தால், சிரித்துவிட்டு வைக்காதீர்கள். "இது யாற்ற பேர் பிள்ளை?" என்று கேளுங்கள். பூவின் அழகுக்காக வைத்த பெயர் என்றால் அந்தச் சந்தோசத்தில் பங்கெடுங்கள். யாரையாவது நினைத்து வைத்த பெயர் என்றால், அவரை நேரில் கண்டு பழகியவர் நீங்களாக இருக்கலாம். அவர் எப்படிச் சிரிப்பார், என்ன கறி நன்றாகச் சமைப்பார், எந்தப் பாடலைப் பாடுவார் என்று அந்தத் தாய்க்குச் சொல்லுங்கள். எழுதி அனுப்பினால் இன்னும் நல்லது. படங்களையும் பத்திரங்களையும் இழந்த குடும்பங்களில், பேரப்பிள்ளை பெயரின் அந்தப் பாதியைப் பற்றி ஒருநாள் கேட்கும்போது காட்டுவதற்கு வேறு எதுவும் இருக்காது.